குளிர்நாட்டு முற்றத்தில் கமேலியா: செடியைக் கொல்வது எது?

கோப்பாய் வளவு எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். கோப்பாயில் ஒரு சிறிய நாற்றுமேடை வைத்திருக்கிறேன். மல்லிகை, செவ்வரத்தை, நந்தியாவட்டை, வெட்சி, ரோசா என்று எங்கள் செம்மண்ணுக்கும் கிணற்றுத் தண்ணீருக்கும் பழகிய கன்றுகளைத்தான் வளர்த்துக் கொடுக்கிறேன். ஆனால் இப்போது என்னிடம் வரும் கேள்விகளில் பெரும்பகுதி இந்த மண்ணைப் பற்றியதாக இல்லை. நல்லூர்த் திருவிழாவுக்கு வரும் வெளிநாட்டு உறவுகள் கன்று வாங்குவதற்கு வருவதில்லை. தங்கள் வீட்டு முற்றத்தில் பனி விழும் மாதங்களில் எந்தப் பூஞ்செடி தாங்கும் என்று கேட்கவே வருகிறார்கள். நான் பனி விழுந்த நிலத்தில் மண்வெட்டி பிடித்தவன் அல்லன். ஆகவே அறிந்தவர்களிடம் கேட்டு எழுதி வைப்பது நல்லது என்று இந்த இழையைத் தொடங்குகிறேன்.

முதற் கேள்வி என் மகளுடையது. அவள் ரொறன்ரோவில் ஸ்காபரோப் பகுதியில் வீடு வாங்கியிருக்கிறாள். இங்கிலாந்தில் உள்ள மைத்துனி வீட்டில், மாசி மாதத்துக் குளிரில், இலை முழுவதும் பளபளக்க ரோசாவைப் போல அடுக்கடுக்காகப் பூத்து நின்ற கமேலியாவைப் பார்த்த நாளிலிருந்து அதையே தன் வீட்டிலும் நடவேண்டும் என்று நிற்கிறாள். இரண்டாவது கேள்வி என் வாடிக்கையாளர் ஒருவருடையது. அவர் நுவரெலியாவிலிருந்து மொட்டுகளுடன் ஒரு கமேலியாச் சாடியை யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுவந்தார். மொட்டெல்லாம் விரியாமலே உதிர்ந்துவிட்டன, இலைகளும் மஞ்சளாகின்றன. ஒரே செடி அங்கே குளிரால் சாகும் என்கிறார்கள், இங்கே குளிர் இல்லாததால் பூக்காது என்கிறார்கள். இதன் உள்விபரத்தை அனுபவம் உள்ளவர்கள் விளக்கினால் பலருக்கும் உதவும்.


தென்லண்டன் தோட்டக்காரி எழுதியது:

வணக்கம் ஐயா. உங்கள் மகள் பார்த்தது பெரும்பாலும் கமேலியா யப்பொனிக்கா இனத்தையோ, வில்லியம்சியை எனப்படும் கலப்பினத்தையோ சேர்ந்ததாக இருக்கும். இக்கலப்பினத்தை கோர்ன்வோலில் உள்ள கேர்ஹேய்ஸ் மாளிகைத் தோட்டத்தில் ஜே. சி. வில்லியம்ஸ் என்பவர் 1920களில் உருவாக்கத் தொடங்கினார். மந்தமான வெளிச்சத்திலும் நிறையப் பூப்பதும், வாடிய பூக்களைத் தானே உதிர்த்துவிடுவதும் இதன் சிறப்பு. யப்பொனிக்காவில் பல வகைகள் கருகிய பூவைக் கிளையிலேயே வைத்துக்கொண்டிருக்கும். கையால் பறித்துப் போடவேண்டும்.

லண்டனில் இந்தச் செடி குளிரால் சாவதை நான் கண்டதே இல்லை. இங்கு பூக்காமற் போவதற்கான காரணங்கள் வேறு. கமேலியா அடுத்த ஆண்டுக்கான மொட்டுகளை முந்தைய கோடையிலேயே கட்டிவிடுகிறது. ஆடி, ஆவணி மாதங்களில் துளிர்களின் நுனியைப் பார்த்தால் இரண்டு வகை அரும்புகள் தெரியும். மெலிந்து கூரானது இலையாகப் போவது. அதன் பக்கத்தில் உருண்டு பருத்து, செதில்கள் ஒன்றின்மேல் ஒன்றாகப் படிந்திருப்பது பூவாகப் போவது. அந்த வாரங்களில் மண் காய்ந்தால் செடி உடனே எதையும் காட்டாது. இலைகள் பச்சையாகவே நிற்கும், நாமும் எல்லாம் சரி என்று இருந்துவிடுவோம். மாசியில் மொட்டுகள் பொலபொலவென்று உதிரும்போது குளிரைத்தான் குறை சொல்வோம். ஆகவே கோடையில் தண்ணீர் விடுவதே குளிர்காலப் பூவுக்கான முதல் வேலை என்று நான் எல்லோருக்கும் சொல்கிறேன்.

அடுத்தது இடம். கிழக்கு நோக்கிய சுவரோரத்தில் நடக்கூடாது. இரவில் உறைந்த மொட்டின்மேல் காலை வெயில் நேரே விழுந்தால், அது சட்டென்று உருகி இதழ்களின் ஓரம் கபில நிறமாகக் கருகிவிடும். வடக்கு அல்லது மேற்கு நோக்கிய இடத்தில் மெல்ல உருகும் மொட்டு அதே குளிரைத் தாங்கிக்கொள்கிறது. மண் சற்று அமிலமாக, பி.எச். பெறுமானம் 5.5 தொடக்கம் 6.5 வரை இருக்கவேண்டும். லண்டன் குழாய்த் தண்ணீர் சுண்ணாம்பு மிகுந்தது. யாழ்ப்பாணத்துக் கிணற்றுத் தண்ணீரைக் கொதிக்கவைத்தால் கேத்திலின் அடியில் படிகிற அதே வெள்ளைப் படிவு இங்கும் படியும். அதனால் நான் கூரையிலிருந்து வடியும் மழைத் தண்ணீரைப் பீப்பாயில் சேர்த்து அதையே விடுகிறேன்.


ஸ்காபரோ மல்லிகை எழுதியது:

ஐயா, நானும் உங்கள் மகள் இருக்கும் பகுதியில்தான் நெடுங்காலமாக இருக்கிறேன். லண்டன் அக்கா சொன்னவை அனைத்தும் சரி. ஆனால் அவற்றை அப்படியே ரொறன்ரோவுக்குக் கொண்டுவந்தால் தங்கச்சி முதற் குளிர்காலத்திலேயே மனம் உடைந்துபோவா. லண்டனில் வெப்பமானி பூச்சியத்துக்குச் சற்றுக் கீழே போய்த் திரும்பிவரும். இங்கு ஏரியின் அருகிலேயே சில இரவுகள் மறை 20 பாகை வரை போகின்றன; மண் வாரக்கணக்கில் கல்லாக உறைந்து கிடக்கிறது. கனடா என்றாலே எல்லா இடமும் ஒன்று என்று நினைத்துவிடவும் கூடாது. வன்கூவரிலும் விக்ரோறியாவிலும் கமேலியா வீதியோரத் தோட்டங்களில் இயல்பாக வளர்ந்து பூக்கிறது. அங்குள்ளவர் எழுதும் அறிவுரை எங்களுக்குப் பொருந்தாது.

குளிர் தாங்கும் கமேலியாக்கள் உண்டு. அவற்றின் வரலாற்றை அறிந்தால் எதை எதிர்பார்க்கலாம் என்பது விளங்கும். வொஷிங்டனில் உள்ள அமெரிக்கத் தேசிய மரத்தோட்டத்தில் பெரியதொரு கமேலியாத் தொகுதி இருந்தது. 1976–77, 1977–78 ஆகிய இரு கடுங்குளிர் காலங்களில் அதில் மிகப் பெரும்பாலான செடிகள் செத்துப்போயின. ஆனால் கமேலியா ஒலிஃபெரா என்ற இனம், அதாவது சீனாவில் விதையிலிருந்து சமையல் எண்ணெய் எடுப்பதற்காக வளர்க்கப்படும் இனம், பெரிய சேதமில்லாமல் தப்பி நின்றது. அங்கு பணியாற்றிய வில்லியம் அக்கர்மன் அந்த இனத்தை மற்றவற்றுடன் கலந்து, 'வின்ரர்ஸ் ஸ்ரார்', 'வின்ரர்ஸ் ரோஸ்', 'போலார் ஐஸ்' போன்ற வகைகளை உருவாக்கினார். வட கரோலைனாவில் கிளிஃபோர்ட் பார்க்ஸ் யப்பொனிக்கா இனத்துக்குள்ளேயே குளிர் தாங்குபவற்றைத் தெரிந்து 'ஏப்ரல்' என்று தொடங்கும் பெயர்களில் வெளியிட்டார். கொரியத் தீவுகளில் 1984இல் சேகரித்த விதைகளிலிருந்து வந்த 'கொரியன் ஃபயர்' என்ற சிவப்பு ஒற்றையடுக்கு வகையும் உண்டு.

இங்கு ஒரு நுணுக்கம் இருக்கிறது. விற்பவர்கள் பெரும்பாலும் இதைச் சொல்வதில்லை. அக்கர்மனின் வகைகளிற் பல இலையுதிர் காலத்தில் பூப்பவை. வொஷிங்டனில் அது சரி. ரொறன்ரோவில் ஐப்பசி நடுவிலேயே உறைபனி வந்துவிடுவதால், செடி உயிரோடு இருந்தாலும் பூ விரியும் வேளையில் கருகிவிடும். செடி தாங்கும் குளிர் வேறு, மொட்டு தாங்கும் குளிர் வேறு, விரிந்த பூ தாங்கும் குளிர் வேறு. விரிந்த பூ கருகுவதற்குப் பூச்சியத்துக்குச் சற்றுக் கீழே போனாலே போதும். எனவே எங்கள் ஊரில் வெளியே நடத் துணிபவர்கள் வசந்தத்தில் பூக்கும் வகையையே தெரியவேண்டும். அப்படியும் நான் நிலத்தில் நடும்படி சொல்லமாட்டேன். சாடியில் வளர்த்து, கார்த்திகையில் வெப்பமேற்றாத கராஜுக்குள்ளோ கண்ணாடி விறாந்தைக்குள்ளோ கொண்டுபோய், 2 தொடக்கம் 10 பாகைக்குள் வைத்திருப்பதே பாதுகாப்பு. வரவேற்பறைக்குள் கொண்டுவந்தால் ஹீற்றரின் வறண்ட காற்றில் மொட்டுகள் நுனியிலிருந்து காய்ந்து உதிர்ந்துவிடும்.


டோர்ட்முண்ட் தம்பி எழுதியது:

குளிர்நாட்டுக் கமேலியா என்றால் ஜேர்மனியில் உள்ள ஒரு மரத்தைச் சொல்லாமல் இருக்க முடியாது. டிறெஸ்டன் நகருக்கு அருகே பில்நிற்ஸ் மாளிகைப் பூங்காவில் ஒரு யப்பொனிக்கா நிற்கிறது. அது 1801ஆம் ஆண்டில் இப்போதுள்ள இடத்தில் நடப்பட்டது. இன்று அதன் உயரம் ஏறத்தாழ 9 மீற்றர். எல்பே ஆற்றங்கரைக் குளிரில் அது தானாக வாழவில்லை. ஒவ்வொரு குளிர்காலத்துக்கும் முன் அதைச் சுற்றி மரப்பலகையால் வீடு அமைத்துப் பாதுகாத்தார்கள். 1905ஆம் ஆண்டு தை மாதத்தில், வெளியே மறை 20 பாகை அளவில் இருந்தபோது, அந்தப் பலகை வீடு தீப்பற்றி எரிந்தது. தீயணைக்க ஊற்றிய தண்ணீர் கிளைகளின்மேல் அப்படியே உறைந்து ஒரு பனிக்கவசமாக மூடிக்கொண்டதால், மரம் பிழைத்து மீண்டும் துளிர்த்தது.

1992 முதல் அதற்குத் தண்டவாளத்தில் நகரும் கண்ணாடி வீடு ஒன்று இருக்கிறது. எடை 54 தொன். குளிர்காலத்தில் அதை மரத்தின்மேல் உருட்டிக்கொண்டுவந்து மூடுகிறார்கள், வசந்தத்தில் ஒரு பக்கமாக நகர்த்திவிடுகிறார்கள். நான் அங்கு போனபோது வெளியே பூக்கள் எதுவும் இல்லாத மாசி மாதம். உள்ளே சிவந்த ஒற்றையடுக்குப் பூக்கள் மேலிருந்து கீழ்வரை நிறைந்திருந்தன. என்னை வியக்கவைத்தது உள்ளே இருந்த வெப்பநிலைதான். மேலங்கியைக் கழற்ற முடியவில்லை. உள்ளே 4 தொடக்கம் 6 பாகைதான் வைத்திருக்கிறார்கள். இரண்டு நூற்றாண்டு வயதுடைய மரத்தைப் பேணுவோர் அதைச் சூடாக வைத்திருக்க முயலவில்லை. உறையாமல் இருந்தாற் போதும் என்றே வைத்திருக்கிறார்கள். ஸ்காபரோ அக்கா சொன்ன கராஜும் இதே கணக்குத்தான்.


கோப்பாய் வளவு எழுதியது:

மிகவும் பயனுள்ள விபரங்கள். ஒன்று மட்டும் எனக்கு இன்னும் பிடிபடவில்லை. பனிக்கட்டியே மரத்தைக் காப்பாற்றியது என்றால், உறைவது எப்படிச் செடியைக் கொல்கிறது? இதைப் படித்தவர்கள் யாராவது எங்களுக்கு விளங்கும்படி எழுதுங்கள்.


அறிவியல்நகர் மாணவி எழுதியது:

வணக்கம் ஐயா. நான் கிளிநொச்சியில் விவசாயபீடத்தில் படிக்கிறேன். குளிர்நாட்டுப் பயிர்களை நேரிற் பார்த்ததில்லை. தாவர உடற்றொழிலியலில் படித்ததைக் கொண்டு சொல்கிறேன்.

குளிர் வரும்போது பெரும்பாலும் முதலில் உறைவது கலங்களுக்கு உள்ளிருக்கும் நீர் அன்று, கலங்களுக்கு இடையிலுள்ள நீர். அங்கு பனிப்படிகம் தோன்றியதும் அது கலத்துக்குள்ளிருக்கும் நீரை வெளியே இழுக்கிறது. கலம் நீர் இழந்து சுருங்குகிறது. அதாவது உறைபனி செடிக்குச் செய்வதும் வரட்சி செய்வதும் கலத்தின் அளவில் ஏறத்தாழ ஒன்றே. இதைத் தாங்கும் செடிகள், பகற்பொழுது குறையக் குறைய, வெப்பநிலை மெல்ல மெல்ல இறங்க இறங்க, கலங்களில் வெல்லங்களை, அதாவது சர்க்கரைப் பொருட்களைச் சேர்த்தும் கலமென்சவ்வின் கொழுப்பை மாற்றியும் தங்களைத் தயார்செய்கின்றன. இந்தத் தயாரிப்புக்கு வாரங்கள் வேண்டும். நன்கு தயாரான செடி தை மாதத்தில் தாங்கும் குளிரை, அதே செடி புரட்டாதியில் திடீரென்று வந்தால் தாங்காது. கோடையின் பிற்பகுதியில் நைதரசன் பசளை போடக்கூடாது என்பதற்கும் இதுவே காரணம். அது இளந்துளிரைத் தள்ளும், இளந்துளிர் தயாராவதற்குள் குளிர் வந்துவிடும்.

இரண்டாவது தாக்கம் என்றும் பசுமையான செடிகளுக்கே உரியது. மண் உறைந்திருக்கும்போது வேரால் நீர் எடுக்க முடியாது. ஆனால் இலைகள் நிற்கின்றன. வெயிலும் காற்றும் அவற்றிலிருந்து நீரை எடுத்துக்கொண்டே இருக்கின்றன. வசந்தத்தில் இலைகள் கபிலமாகக் காய்ந்து நிற்பதைப் பார்த்து 'குளிரில் செத்தது' என்கிறோம். உண்மையில் அது தாகத்தில் செத்தது. மூன்றாவதாக, வேர் தண்டைவிடக் குளிருக்கு மென்மையானது. நிலத்தில் மண்ணே வேருக்குப் போர்வை. சாடியிலோ நான்கு பக்கமும் குளிர் தாக்குகிறது. அதனால் நிலத்தில் பிழைக்கும் வகையே வெளியில் விட்ட சாடியில் சாகக்கூடும்.

பில்நிற்ஸ் மரத்தைப் பற்றி: நீர் உறையும்போது வெப்பத்தை வெளிவிடுகிறது, உறைந்து மூடிய பனி காற்றையும் தடுக்கிறது. தடித்த பனிக்குள் இருப்பது அந்த இரவில் வெளிக்காற்றில் நிற்பதைவிடப் பாதுகாப்பானதாக இருந்திருக்கும்.


நுவரெலியா தேயிலைமலை எழுதியது:

நான் தேயிலைத் தோட்டத்தில் வெளிக்கள உத்தியோகத்தராக இருந்தவன். கமேலியாவைப் பற்றிப் பேசும் நாங்கள் எல்லோரும் நாள்தோறும் ஒரு கமேலியாவைத்தான் குடிக்கிறோம். தேயிலையின் தாவரவியற் பெயர் கமேலியா சினென்சிஸ். ஜேம்ஸ் ரெய்லர் 1867இல் லூல்கந்துரவில் பயிரிட்டதிலிருந்து இந்த நாடு கமேலியா வளர்த்துக்கொண்டிருக்கிறது. கொழுந்து பறித்தும் கவ்வாத்து வெட்டியும் வைத்திருப்பதால் பூவைப் பலர் காண்பதில்லை. விட்டுவிட்ட பழைய செடிகளில், இலைக்கக்கத்திலிருந்து கீழ்நோக்கித் தொங்கும் சிறிய வெள்ளைப் பூவும் அதன் நடுவே மஞ்சள் மகரந்தக் கொத்தும் யப்பொனிக்காவின் தங்கைதான் என்று உடனே காட்டிக்கொடுக்கும்.

உறைபனி எங்களுக்கும் புதிதன்று. தை, மாசியில் மேகமில்லாத இரவுகளில் நுவரெலியாவின் பள்ளங்களில் தேயிலை கருகும். சரிவில் நிற்கும் செடி பச்சையாக இருக்கும்போதே அதற்குக் கீழே பள்ளத்தில் நிற்பது சிவந்துவிடும், ஏனென்றால் குளிர்ந்த காற்றுப் பாரமானது, தண்ணீரைப்போல இறங்கிப் பள்ளத்தில் தேங்கும். உங்கள் மகளின் வளவிலும் இதைப் பார்க்கச் சொல்லுங்கள். வேலியோ மதிலோ தடுத்துக் குளிர்காற்றுத் தேங்கும் மூலை எதுவோ, அதை விட்டுவிட வேண்டும்.

இனி உங்கள் வாடிக்கையாளரின் சாடி. மொட்டுக் கட்டுவதற்குக் கமேலியாவுக்கு வெப்பமும் நீண்ட பகலும் போதும். கட்டிய மொட்டு வளர்ந்து விரிவதற்குத்தான் குளிர் வேண்டும். நுவரெலியாவில் சராசரி வெப்பநிலை 16 பாகை அளவில்தான் இருக்கிறது, இரவில் அதிலும் கீழே போகிறது. யாழ்ப்பாணத்தில் மார்கழி, தை இரவுகளிற்கூட 20 பாகைக்குக் கீழே இறங்குவது அரிது. விரியும் தறுவாயில் இருந்த மொட்டை மலையிலிருந்து அந்த வெக்கைக்கு இறக்கினால் உதிராமல் என்ன செய்யும்? இலை மஞ்சளானது வேறு காரணம். அதை லண்டன் தோட்டக்காரி அவர்கள் ஏற்கனவே தொட்டுவிட்டார்.


யாழ்நகர் வாசகர் எழுதியது:

அந்தச் சாடிக்குச் சொந்தக்காரன் நான்தான். எல்லோருடைய அக்கறைக்கும் நன்றி. ஆனால் இதை முடியாத காரியம் என்று விட்டுவிட எனக்கு மனமில்லை. என் அலுவலக அறை குளிரூட்டப்பட்டது. பெரிய யன்னல் இருக்கிறது. மழைத் தண்ணீர் சேர்த்து வைக்கலாம். மண்ணுக்குப் பதிலாகத் தும்புத்தூளும் தேயிலைத் தோட்டத்து மண்ணும் கலந்து வைக்கலாம். அப்படிச் செய்தால் ஏன் பூக்காது?


நுவரெலியா தேயிலைமலை எழுதியது:

உங்கள் ஆர்வத்தை மதிக்கிறேன், ஐயா. தண்ணீரையும் மண்ணையும் நீங்கள் சொன்னபடி மாற்றினால் இலை பச்சையாகும், செடி சில காலம் உயிரோடும் இருக்கும். ஆனால் அலுவலகத்துக் குளிரூட்டி 22 அல்லது 24 பாகையில் ஓடும், அதுவும் பகலில், மாலையில் நிறுத்திவிடுவீர்கள். கமேலியா கேட்பது இதற்கு நேர் மறுதலை: இரவில் 10 பாகை அளவிலான குளிர், வாரக்கணக்கில், ஈரமான காற்றுடன். குளிரூட்டி காற்றிலுள்ள ஈரத்தையும் எடுத்துவிடுகிறது. ஒரு பூவுக்காக இரவு பகலாக ஓர் அறையைக் குளிரூட்டுவதைவிட, அந்தச் சாடியை மலைநாட்டில் உள்ள உறவினர் ஒருவரிடம் கொடுத்துவிட்டு, தை மாதத்தில் வந்து பூவைப் பார்ப்பது செடிக்கும் நல்லது, உங்களுக்கும் நல்லது. கோப்பாய் ஐயாவின் நாற்றுமேடையிலேயே நந்தியாவட்டையின் அடுக்குப்பூ வகை இருக்கிறதே. கரும்பச்சை இலையும் வெண்ணிற அடுக்குப்பூவும் வேண்டும் என்றால் யாழ்ப்பாணத்து மண்ணில் அதைவிட வேறென்ன வேண்டும்?


தென்லண்டன் தோட்டக்காரி எழுதியது:

இலை மஞ்சளாவதைப் பற்றி விரிவாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் லண்டனுக்கும் யாழ்ப்பாணத்துக்கும் இது பொதுவான நோய். இளம் இலையை வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பாருங்கள். நரம்புகள் பச்சையாகவும் இடைப்பட்ட பகுதி மஞ்சளாகவும் வலைப்பின்னலைப்போலத் தெரிந்தால் அது இரும்புக் குறைபாடு. மண்ணில் இரும்பு இல்லை என்பதல்ல; சுண்ணாம்பு மிகுந்த மண்ணில் இரும்பு கரையாத நிலையில் அகப்பட்டுக் கிடக்கிறது. யாழ்ப்பாணத்தில் வெட்சியிலும் தேசியிலும் இதே வலைப்பின்னலை எல்லோரும் பார்த்திருப்பார்கள். இதற்கு இரும்புக் கொடுக்கிணைப்புப் பசளை, அதாவது இரும்பைக் கரைந்த நிலையிலேயே பிடித்துவைத்திருக்கும் பசளை, விற்கிறார்கள். வாங்கும்போது உறையைப் படிக்கவேண்டும்: ஈ.டி.ரி.ஏ. வகை கார மண்ணில் விரைவில் பயனற்றுப் போகும்; ஈ.டி.டி.எச்.ஏ. வகைதான் அங்கு நிலைத்து நிற்கும்.

பாவித்த கோப்பித் தூளையும் தேயிலைச் சாயத்தையும் போட்டால் மண் அமிலமாகும் என்று நம் வீடுகளில் ஒரு நம்பிக்கை இருக்கிறது. பாவித்த கோப்பித் தூளில் அமிலம் பெரும்பாலும் எஞ்சியிருப்பதில்லை. அது கோப்பியோடு போய்விடுகிறது. தடிப்பாகப் போட்டால் மேலே படைபோல இறுகித் தண்ணீரையும் தடுக்கும். பைன் மரத்தின் பட்டைத் துண்டுகளை மூடுபடையாக இடுவது நல்லது.


டோர்ட்முண்ட் தம்பி எழுதியது:

வெளியில் நட்ட செடியைக் குமிழிப் பொலித்தீனால் சுற்றிக் கட்டினால் என்ன? இங்கு அயலவர்கள் பலர் அப்படிச் செய்கிறார்கள்.


ஸ்காபரோ மல்லிகை எழுதியது:

சாடியைச் சுற்றலாம், செடியைச் சுற்றக்கூடாது என்பதே என் திடமான கருத்து. பொலித்தீனுக்குள் பகல் வெயிலில் வெப்பம் ஏறும், செடி வசந்தம் வந்துவிட்டது என்று தன் தயாரிப்பைக் கைவிடும், இரவில் மறுபடியும் உறையும். உள்ளே ஈரமும் தேங்கிப் பூஞ்சணம் பிடிக்கும். சணல் சாக்கை நான்கு தடிகளில் வேலிபோலக் கட்டி, காற்றையும் வெயிலையும் மட்டும் தடுப்பதே முறை, மேலே திறந்திருக்கலாம். விழும் பனியை உதறித் தள்ளவேண்டியதில்லை, கிளை முறியும் பாரமாக இருந்தாலன்றி. அடியில் குவிந்த பனி வேருக்குப் போர்வை. நிலம் உறைவதற்கு முன் ஒருமுறை ஆழமாகத் தண்ணீர் விடவேண்டும். மாணவித் தங்கச்சி எழுதிய தாகக் கதையைப் படித்தபின் இது ஏன் என்று சொல்லத் தேவையில்லை.

கமேலியாவோடு நிறுத்தாமல் எங்கள் ஊர்ச் செடிகளைப் பற்றியும் எழுதுகிறேன், ஏனென்றால் என்னிடம் வருபவர்கள் பெரும்பாலும் அதைத்தான் கேட்கிறார்கள். மல்லிகைக்கும் கமேலியாவுக்கும் ஒரே கராஜ் சரிவராது. எங்கள் குண்டுமல்லிகை வெப்பநாட்டுச் செடி. அது குளிருக்குத் தயாராகவே தெரியாதது. இரவு வெப்பநிலை 10 பாகைக்கு இறங்கத் தொடங்கியதும், அதாவது புரட்டாதி முடிவதற்குள், வீட்டுக்குள் தெற்கு யன்னலுக்கு வந்துவிடவேண்டும். உள்ளே வந்த மல்லிகைக்குக் குளிரைவிடப் பெரிய எதிரி செஞ்சிலந்திப் பேன். ஹீற்றர் ஓடத் தொடங்கிய சில வாரங்களில் இலையின் மேற்புறம் ஊசியால் குத்தியதுபோல வெளிறிய புள்ளிகள் தோன்றும். இலையைத் திருப்பினால் நரம்போரத்தில் தூசிபோன்ற நுண்ணிய வலை இருக்கும். வெள்ளைக் கடதாசியை அடியில் பிடித்துத் தட்டினால் அந்தத் தூசி நகரும். குளியலறையில் வைத்து இலையின் அடிப்பக்கத்தை நன்றாகக் கழுவிவிட்டால், மருந்து இல்லாமலே பெரும்பாலும் கட்டுப்படும். பங்குனியில் துணிந்து கவ்வாத்துப் பண்ணவேண்டும். மல்லிகை புதுத் துளிரில்தான் பூக்கும்.

கார்த்திகைப்பூவுக்குக் குளிர்காலமே ஓய்வுகாலமாகிவிடுகிறது. இங்கு கோடையில் பூக்கும். இலை காய்ந்ததும் கிழங்கை எடுத்து, உலர்ந்த தும்புத்தூளில் புதைத்து, 10 தொடக்கம் 15 பாகையில் நிலக்கீழறையில் வைக்கலாம். கிழங்கின் நுனியில்தான் முளை இருக்கிறது. அது முறிந்தால் அந்தக் கிழங்கு முளைக்காது. கிழங்கு கொடிய நஞ்சு. கொல்சிசின் என்ற பொருள் அதில் இருக்கிறது. பிள்ளைகளும் நாய் பூனைகளும் எட்டாத இடத்தில், பெயர் எழுதி வைக்கவேண்டும். இன்னொன்று: ஊரிலிருந்து வேரும் மண்ணுமாகக் கன்றைப் பயணப் பொதியில் வைத்துக் கொண்டுவராதீர்கள். மண்ணைக் கனடா அனுமதிப்பதில்லை. செடிக்குத் தாவரச் சுகாதாரச் சான்றிதழ் வேண்டும்.


ஒஸ்லோ வாசி எழுதியது:

கராஜும் கண்ணாடி விறாந்தையும் இல்லாதவர்களுக்காக ஒன்று சொல்லவேண்டும். எங்கள் ஊரில் நான் கமேலியாவை நினைப்பதேயில்லை. அதே பளபளப்பான பச்சை இலையும் பெரிய பூவும் வேண்டும் என்பவர்களுக்கு ரொடொடென்ட்ரன் இருக்கிறது. அமில மண், மேலோட்டமான வேர், கோடையில் மொட்டுக் கட்டுவது என எல்லாம் கமேலியாவைப் போலவே. குளிர் தாங்கும் திறன் மட்டும் பல மடங்கு. குளிர் கடுமையாகும்போது அதன் இலைகள் கீழ்நோக்கித் தொங்கி, நீளவாக்கில் சுருட்டைப்போலச் சுருண்டுகொள்ளும். வெப்பமானியைப் பார்க்காமலே யன்னலுக்கூடாக அந்தச் சுருளைப் பார்த்து, இன்று பிள்ளைக்கு எத்தனை உடுப்புப் போடவேண்டும் என்று என் மனைவி சொல்லிவிடுவா. காற்று இளகியதும் இலைகள் விரிந்துவிடும். முதலாண்டில் இதைக் கண்டு செடி செத்துவிட்டது என்று பிடுங்குபவர்கள் உண்டு, பிடுங்கவேண்டாம்.

பனி உருகும் விளிம்பிலேயே பூப்பவை ஹெலிபோரும் பனித்துளிப்பூவும். கிழங்குப் பூக்களில் துலிப் எளிது; ஐப்பசியில் புதைத்துவிட்டால் குளிர் தன் வேலையைச் செய்யும். துலிப்புக்கு 12 தொடக்கம் 16 வாரக் குளிர் கட்டாயம் வேண்டும். யாழ்ப்பாணத்தில் குளிர்சாதனப் பெட்டியில் வைத்துப் பூக்கவைக்க முயல்பவர்கள் உண்டு என்று கேள்விப்படுகிறேன். செய்யலாம், ஆனால் அதே பெட்டியில் அப்பிளோ வாழைப்பழமோ இருக்கக்கூடாது. பழங்கள் வெளிவிடும் எதிலீன் வாயு கிழங்குக்குள் இருக்கும் பூக்கருவை அழித்துவிடும்.


கோப்பாய் வளவு எழுதியது:

ஒவ்வொருவருக்கும் என் மனமார்ந்த நன்றி. மகளுடன் பேசினேன். வசந்தத்தில் பூக்கும் 'ஏப்ரல்' வகையொன்றைச் சாடியில் வாங்கி, கராஜில் குளிர்காலத்தைக் கழிக்க ஒத்துக்கொண்டாள். நிலத்தில் நடவேண்டும் என்ற ஆசைக்கு வீட்டின் வடக்குப் பக்கத்தில் ஒரு ரொடொடென்ட்ரன் வைக்கப்போகிறாள். நுவரெலியாச் சாடியின் உரிமையாளரும் அதை பண்டாரவளையில் உள்ள தன் தமக்கையிடம் அனுப்புவதாகச் சொல்லியிருக்கிறார். இன்னும் ஓர் ஐயம்: கராஜில் இருக்கும் மாதங்களில் தண்ணீர் எவ்வளவு விடுவது, எப்போது வெளியே எடுப்பது? மொட்டு உயிரோடு இருக்கிறதா என்று எப்படி அறிவது?


ஸ்காபரோ மல்லிகை எழுதியது:

தண்ணீர் குறைவாக, ஆனால் நிறுத்தாமல். விரலை மண்ணுக்குள் விட்டால் ஈரம் தெரியவேண்டும். சாடியின் அடித்தட்டில் தண்ணீர் நிற்கக்கூடாது. கராஜில் யன்னல் இல்லையென்றால் ஒரு எல்.ஈ.டி. விளக்கைப் பகலில் எரியவிடவேண்டும், ஏனென்றால் இது இலை உதிர்க்கும் செடியன்று. மொட்டில் ஐயம் இருந்தால் ஒன்றைப் பலிகொடுத்து, கூரிய கத்தியால் நெடுக்காக வெட்டிப் பாருங்கள். நடுவிலுள்ள மகரந்தக் கொத்து வெளிர்மஞ்சளாக ஈரத்துடன் இருந்தால் மற்றவையும் நலம். வெளிச்செதில் பச்சையாக இருந்தும் நடுப்பகுதி கபிலமாக இருந்தால் உறைபனி உள்ளே போய்விட்டது. பங்குனி கடைசியில் பகலில் மட்டும் நிழலுக்கு எடுத்து, இரவில் உள்ளே வைத்து, இரண்டு வாரம் பழக்கவேண்டும். சித்திரை முழுவதும் இங்கு இரவு உறைபனி வரக்கூடும். நிரந்தரமாக வெளியே வைப்பது வைகாசி நடுவுக்குப் பிறகுதான். தங்கச்சிக்கு ஏதேனும் தேவை என்றால் இந்த இழையிலேயே எழுதச் சொல்லுங்கள். நான் அருகில்தான் இருக்கிறேன், சாடி வந்ததும் போய்ப் பார்த்துவிட்டு வருகிறேன்.